பதினேழாம் நம்பர் வீட்டு முட்டைக்கோஸ்

பனிக்கொம்பை அணை முகாமில் அறுபத்திரண்டு குடும்பங்களும் ஒரு கேன்டீனும் ஒரு பிள்ளையார் கோயிலும் குகை மாதிரி கல்லால் கட்டிய ஒரு சின்ன மாதா கெபியும் இருந்த காலத்தில், மழைக்குக் குறைவில்லாமலும் வீட்டுக்குப் பெரும் பஞ்சமாகவும் இருந்த காலத்தில், குடியிருப்புப் பிரிவு எழுத்தர் நயினார் தன் வாழ்நாளிலேயே மிக அழகான ஒரு வாக்கியத்தை எழுதினார். அந்த வாக்கியம் அவரையும் அந்த முகாமையும் ஏழு மாதம் முட்டைக்கோஸ் தின்ன வைத்தது.

வாக்கியம் இதுதான்: 'குடியிருப்பவர் தமது தோட்டத்தில் நிற்கும் பயிரை முழுவதும் பறித்து அனுபவித்து முடித்த பின்னரே சாவியை ஒப்படைக்க வேண்டும், அதுவரை அவரை எவரும் வெளியேற்றலாகாது.' மூன்று முறை அடித்து எழுதி, நான்காம் முறை நல்ல தாளில் எழுதினார். அந்த 'லாகாது' வந்து விழுந்த இடத்தில் பேனாவை மூடி வைத்துவிட்டு ஒரு டீ குடித்தார்.

வழக்கம் பழையதுதான். மலைமேல் எல்லார் வீட்டுக்குப் பின்னாலும் நாலு பாத்தி இருக்கும். மாற்றல் உத்தரவு போடுகிறவர்கள் உருளைக்கிழங்கு விளைந்துவிட்டதா என்று கேட்டுப் போடுவதில்லை. ஒருவர் நட்டுவிட்டுப் போக, வந்தவர் தோண்டித் தின்ன, அதனால் இரண்டு குடும்பங்கள் பத்து வருடம் பேசாமல் இருந்த கதையெல்லாம் அங்கே உண்டு. ஆகவே போகிறவர் தன் பயிரை எடுத்துக்கொண்ட பிறகே போவது என்று முகாமில் ஒரு பேச்சு இருந்தது. பேச்சாக மட்டும் இருந்தது. எழுதாமல் இருக்கிற எதையும் பார்த்தால் நயினாருக்கு உடம்பெல்லாம் அரிக்கும்.

எழுதியது துளசிமணியம்மாவுக்காக. துளசிமணியம்மா முப்பத்திரண்டு வருடம் முகாமின் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் ஆபரேட்டராக இருந்தவர். அணைக்கும் கீழே மின்நிலையத்துக்கும் நடுவே, பிரசவத்துக்கும் டாக்டருக்கும் நடுவே, சண்டை போட்டுக்கொண்ட புருஷனுக்கும் பெண்டாட்டிக்கும் நடுவே அவர் குரல்தான் நின்றது. கல்யாணம் செய்துகொள்ளவில்லை. ஓய்வு பெற்றுவிட்டார், ஆகவே பதினேழாம் நம்பர் வீட்டைக் காலி செய்ய வேண்டும். காலியானால் வரிசைப்படி அந்த வீடு யாருக்கு என்று பார்த்தால், அது நயினாருக்கே.

நயினாருக்கு அந்த வீடு எவ்வளவு வேண்டியிருந்தது என்பதைச் சொல்லிவிட வேண்டும். கல்யாணமாகி நான்கு வருடம் ஆகியிருந்தது. மனைவி உலகம்மை கல்லிடைக்குறிச்சியில் தகப்பனார் வீட்டில் இருந்தாள். ஒரே ஒரு தடவை மலை ஏறி வந்து, பதினோரு ஆண்கள் ஒரு குளியலறையைப் பங்கு போட்டுக்கொள்ளும் விடுதியில் அவருடைய அறையைப் பார்த்துவிட்டு, வந்த பஸ்ஸிலேயே திரும்பிப் போனாள். போகும்போது ஜன்னல் வழியாகச் சொன்னாள்: "நமக்குன்னு ஒரு அடுப்பும், உள்பக்கம் தாப்பா போட்ட ஒரு குளிக்கிற ரூமும் எப்பம் இருக்கோ, அப்பம் ஒரு காயிதம் போடுங்க. வாரேன்." அதிலிருந்து நான்கு வருடமாக அவர் போட்ட காயிதங்களில் அந்த இரண்டும் இல்லை.

ஆய்வுக்குப் போனபோது பதினேழாம் நம்பர் தோட்டத்தில் கிழங்கு எடுத்தாயிற்று, பீன்ஸ் கொடியைப் பிடுங்கியாயிற்று. சமையலறைக் கதவோரப் பாத்தியில் ஒரே ஒரு முட்டைக்கோஸ் மட்டும் உட்கார்ந்திருந்தது. உரிக்காத தேங்காய் அளவு பெரிசு.

"இது ஒண்ணுதானம்மா பாக்கி?"

"அதேதானுங்க தம்பி. ஒரு பத்து நாள்ல தீந்துரும். தீந்ததும் சாவியக் கொண்டாந்து உங்க மேசை மேல வெச்சுப்போட்டுப் பல்லடம் பஸ் ஏறிருவேன்."

"அங்க யாரு இருக்கா?"

"தம்பி ஊடு. பதினாறு தறி ஓடுது. ஒருத்தர் பேசறது ஒருத்தருக்குக் கேக்காதுங்க." சொல்லிவிட்டு துளசிமணியம்மா சிரித்தார். அது சிரிப்புதான் என்று நயினார் நினைத்துக்கொண்டார். அன்றைக்கே உலகம்மைக்குப் பத்து நாள் கணக்குச் சொல்லிக் காயிதம் போட்டார்.

துளசிமணியம்மா கோஸை வெட்டுகிறவர் இல்லை. ஒற்றை ஆளுக்கு எதற்கு முழுக் கோஸ் என்று, செடியை அப்படியே விட்டுவிட்டு, வெளிப்பக்கத்து இலையில் தினம் இரண்டை மட்டும் ஒடித்து எடுப்பது அவர் பழக்கம். முப்பத்திரண்டு வருடமாக அப்படித்தான். பத்து நாள் கழித்து நயினார் போய்ப் பார்த்தபோது கோஸ் அதே இடத்தில், அதே அளவில் உட்கார்ந்திருந்தது.

"நீங்க சாப்பிடவே இல்லையாம்மா?"

"காலைல பொரியல், ராத்திரிக்குக் கூட்டு. வேறென்னங்க பண்றேன்?"

அவர் கண் முன்னாலேயே இரண்டு இலையை ஒடித்தார். நயினார் மறுநாள் காலை பல்கூட விளக்காமல் ஓடி வந்து பார்த்தார். கோஸுக்கு ஒரு குறையும் இல்லை. அன்றைக்கு அவரே உட்கார்ந்து ஒவ்வொன்றாக எண்ணிக்கொண்டு நாற்பத்தெட்டு இலைகளை உரித்தார், நாற்பத்தொன்பதாவதும் இருந்தது, ஐம்பதாவதும் இருந்தது, இடுப்பு பிடித்துக்கொண்டதால் எழுந்துவிட்டார். "நல்ல மண்ணுங்க இது" என்றார் துளசிமணியம்மா, உரித்துப் போட்ட இலைகளை முறத்தில் அள்ளிக்கொண்டே. அதற்கு மேல் அவர் அதைப்பற்றி ஆச்சரியப்படவில்லை, முகாமில் வேறு யாரும் பட்டதாகவும் தெரியவில்லை. எல்லாருக்கும் அவரவர் வேலை இருந்தது.

உதவிப் பொறியாளர் லாசர் மட்டும் கொஞ்சம் கோபப்பட்டார். அளக்காத ஒரு பொருள் தன் எல்லைக்குள் இருப்பது அவருக்குப் பிடிக்காது. அணையில் நீர்மட்டம் பார்க்கிற போஜனைக் கூப்பிட்டு, இனிமேல் காலை ஆறு மணிக்கும் மாலை ஆறு மணிக்கும் தண்ணீரைப் பார்த்துவிட்டு அப்படியே வந்து கோஸையும் பார்க்கும்படி உத்தரவு போட்டார். போஜன் பக்கத்து மலைக்கிராமமான ஹட்டியைச் சேர்ந்தவர், தலைப்பாகையும் வெள்ளைப் போர்வையுமாக இருபது வருடம் மட்டம் பார்த்தவர், ஒரு கேள்வி கேட்கவில்லை. டேப்பைக் கோஸைச் சுற்றி ஒரு சுற்றுச் சுற்றி எடுத்துக்கொண்டு போய் மின்நிலையத்துக்குப் போனில் சொல்வார்: "அணை மட்டம் நூத்தி அறுவத்தி நாலு அடி. கோஸ் மட்டம் இருவத்தேழு இஞ்ச்." மறுமுனையில் அதைத் திருப்பிச் சொல்லி எழுதிக்கொள்வார்கள். ஒரு மாதத்துப் பதிவைப் பார்த்துவிட்டு லாசர் பதிவேட்டின் கீழே சிவப்பு மையில் எழுதினார்: 'வரத்தும் செலவும் சமம்.' எழுதியதும் அவருக்குக் கோபம் போய்விட்டது.

செலவைக் கூட்டினால் வரத்தை முந்திவிடலாம் என்று நயினாருக்கு அந்தச் சிவப்பு மையைப் பார்த்துத்தான் தோன்றியது. அனுபவிக்க வேண்டும் என்று எழுதியிருந்தாரே தவிர, குடியிருப்பவர் ஒருவரே தின்ன வேண்டும் என்று எழுதவில்லை. துளசிமணியம்மாவிடம் போய்த் தயங்கித் தயங்கிக் கேட்டார். அவர் முகாமுக்கே சொல்லி அனுப்பிவிட்டார்: வேணுங்கறவங்க வந்து பறிச்சுக்கோங்க.

வந்தார்கள். முதலில் வெட்கப்பட்டுக்கொண்டு இரண்டு இலை, அப்புறம் பை கொண்டுவந்து இருபது இலை, அப்புறம் கல்யாண வீட்டு அண்டாவோடு நூறு இலை. அறுபத்திரண்டு வீட்டிலும் கோஸ் பொரியல் செய்தார்கள், கோஸ் கூட்டு செய்தார்கள், கோஸை அரைத்து அடையில் போட்டார்கள், உப்புமாவில் போட்டார்கள், பொடியாக அரிந்து பருப்போடு வடை தட்டினார்கள். கேன்டீனில் கோஸ் பரோட்டா வந்தது, அது பிடித்துப்போய் கோஸ் சூப் வந்தது, அது ஒருவருக்கும் பிடிக்காமல் நின்றது. பிள்ளையாருக்குச் சதுர்த்தியன்று கோஸ் கொழுக்கட்டை படைத்தார்கள், அவர் ஒன்றும் சொல்லவில்லை. மாதா கெபியில் செப்டம்பர் திருவிழா அசன விருந்தில் சோற்றுக்குப் பக்கத்தில் அதுவேதான் இருந்தது. முழங்கால் வலிக்காரர்கள் இலையை அனலில் வாட்டிக் காலில் கட்டிக்கொண்டு வேலைக்குப் போனார்கள். பால் கட்டிக்கொண்ட, பிள்ளை பெற்ற பெண்களுக்கும் அதேதான் மருந்தாயிற்று. முகாமில் ஒருவரும் தன் பாத்தியில் கோஸ் நடவில்லை, சந்தையில் வாங்கவும் இல்லை. அந்த இடத்திலெல்லாம் கேரட்டும் முள்ளங்கியும் போட்டார்கள்.

இத்தனை கோஸ் தின்றால் என்ன ஆகுமோ அதுவும் ஆயிற்று. குளிருக்காக ஜன்னலை இறுக்கி அடைத்துக்கொண்டு வாழ்ந்த ஜனங்கள் அந்த வருடம் முதல்முதலாக ஜன்னலைத் திறந்து வைத்துத் தூங்கினார்கள். கோயில் பஜனையிலும், தொழிற்சங்கக் கூட்டத்திலும், லாசர் நடத்திய பாதுகாப்பு வாரச் சொற்பொழிவிலும், சத்தம் வந்த திசைக்கு யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை என்று ஒரு புது மரியாதை உண்டாகி, சின்னப் பிள்ளைகள் வரை அதைப் பழகிக்கொண்டார்கள்.

ஒருநாள் காட்டெருமை ஒன்று வேலியைச் சாய்த்துக்கொண்டு வந்து கோஸை முண்டோடு தின்றுவிட்டு, பாத்தியில் படுத்துப் புரண்டுவிட்டுப் போயிற்று. சேதி கேட்டு நயினார் அலுவலகத்தில் எழுந்து நின்றே விட்டார். மத்தியானம் போய்ப் பார்த்தால் மிதித்துச் சேறான பாத்தியில் கோஸ் இருந்தது, போஜன் குனிந்து டேப் பிடித்துக்கொண்டிருந்தார். "இருவத்தேழு" என்றார். காட்டெருமை அதற்குப் பிறகு தினம் நாலு மணிக்கு வந்து கேட் பக்கத்தில் நின்றது. துளசிமணியம்மா ஒரு கட்டு இலையைப் போட்டு, "போதும், போ" என்றால் போய்விடும்.

அப்புறம் வழக்கமாக நடப்பது நடந்தது. இந்த வாரம் இலை கொஞ்சம் தடிப்பாக இருக்கிறதே என்றார்கள். போன மாதத்து ருசி இல்லை என்றார்கள். பதினேழாம் நம்பர் வீட்டுக்கு மட்டும் ஏன் இந்தச் சலுகை, எல்லாப் பிரிவினருக்கும் இது விரிவுபடுத்தப்பட வேண்டும், கோஸ் இல்லையென்றால் காலிஃப்ளவராவது வேண்டும் என்று சங்கம் மனுக் கொடுத்தது. நயினார் அதற்கு ஒரு கோப்பு எண் போட்டார்.

சமவெளியில் இருந்த மேல் அலுவலகத்துக்கு அவர் மூன்று பக்கம் எழுதிக் கேட்டார். ஆறு வாரம் கழித்து ஒரு வரிப் பதில் வந்தது: 'பயிரை விரைந்து உண்டு முடிக்க ஆவன செய்க.' நயினார் அதைப் பலமுறை படித்தார். அதில் தான் செய்யாதது எதுவும் இல்லை.

பனி இறங்கிய ஒரு மத்தியானம் அவர் கேன்டீனிலிருந்து ஒரு கத்தியை இரவல் வாங்கிச் சட்டைக்குள் வைத்துக்கொண்டு பதினேழாம் நம்பர் தோட்டத்துக்குப் போனார். வேரோடு அறுத்துவிட வேண்டியது, அவ்வளவுதான். பாத்தியில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, கோஸின் கழுத்தில் கத்தியை வைத்துக்கொண்டு, வெகுநேரம் உட்கார்ந்திருந்தார். 'எவரும்' என்று எழுதியிருந்தார். எவரும் என்றால் அதில் அவரும் வந்துவிடுகிறார்.

"அது மொண்ணைக் கத்திங்க தம்பி" என்று சமையலறை ஜன்னலிலிருந்து குரல் வந்தது. "உள்ள நல்லதா ஒண்ணு இருக்குது. கொண்டாரட்டுங்களா?"

நயினாருக்குக் காது மடல் வரை சுட்டது. "வேண்டாம்மா" என்றார்.

"அப்ப வந்து ஒரு வாய் சாப்பிடுங்க. உங்க விடுதியில என்ன போடறாங்கன்னு எனக்குத் தெரியாதாக்கும்."

அன்றைக்குச் சாப்பிட்டார். தினமும் சரிபார்க்க வரவேண்டியிருந்ததால் தினமும் சாப்பிட்டார். துளசிமணியம்மா எதிரே உட்கார்ந்து அவர் தின்பதைப் பார்த்துக்கொண்டிருப்பார். முப்பத்திரண்டு வருடம் காதில் கருவியை மாட்டிக்கொண்டு ஊராரின் பேச்சைச் சேர்த்து வைத்தவருக்குத் தன் வீட்டுக்குள் வந்து பேச ஒரு ஆள் கிடைத்திருந்தது. அவரை வெளியே அனுப்புவதற்காகத்தான் அந்த ஆள் வருகிறார் என்பது இருவருக்கும் தெரியும், அதைப் பேசிக்கொள்வதில்லை.

ஐந்தாம் மாதம் உலகம்மை ஒரு டிரங்குப் பெட்டியோடு பஸ்ஸை விட்டு இறங்கினாள். சொல்லாமல் வந்திருந்தாள்.

"நாலு வருசமா தலைவலி காய்ச்சல்னு எழுதுனவரு இப்பம் அஞ்சு மாசமா ஒரு கோசு தீரமாட்டேங்குன்னு எழுதுதீய. எந்த ஊர்ல இப்படி நடக்கும்? யாரு அந்தப் பொம்பளன்னு பாத்துட்டுப் போவம்னு வந்தேன்."

நயினார் அவளைப் பதினேழாம் நம்பர் வீட்டுக்குக் கூட்டிப் போனார். உலகம்மை துளசிமணியம்மாவைத் தலையிலிருந்து கால் வரை பார்த்தாள், கோஸையும் அப்படியே பார்த்தாள். பத்து இலையை உரித்துத் தரையில் போட்டாள். வராந்தாவில் உட்கார்ந்து காப்பி குடித்தாள். திரும்பப் போய்ப் பார்த்தாள். சரி என்று தலையை ஆட்டிக்கொண்டு வீட்டுக்குள் நுழைந்து அடுப்பைப் பார்த்தாள், குளியலறைக்குள் போய்த் தாழ்ப்பாளை மூன்று தடவை போட்டுப் போட்டு எடுத்தாள். வெளியே வந்து புருஷனிடம் கேட்டாள்:

"இந்தக் கோசு தீந்தாத்தான் அம்மா போவணும்னு எழுதியிருக்கியளா?"

"ஆமா."

"அது தீருமுன்ன நாம வரக்கூடாதுன்னு எழுதியிருக்கியளா?"

நயினார் தன் வாக்கியத்தை மனதுக்குள் முதலிலிருந்து கடைசி வரை ஓட்டிப் பார்த்தார். "அப்படி எழுதல" என்றார்.

"அப்பம் பெட்டியத் தூக்கி உள்ள வைங்க."

துளசிமணியம்மா முன்னறையில் இருந்த தையல் மெஷினை ஏற்கெனவே நகர்த்தத் தொடங்கியிருந்தார். "அம்மிணி, இந்தச் சொவரோரமா வைங்க, அந்தப் பக்கம் ஓதம் அடிக்கும்" என்றார்.

அப்படியாக அந்த வீட்டில் மூன்று பேர் ஆனார்கள். உலகம்மை கோஸுக்குத் தேங்காயை அரைத்து ஊற்றினாள், இவ்வளவு தேங்காயை எங்கள் பக்கம் சாம்பாருக்கே போடமாட்டோம் என்று துளசிமணியம்மா சொன்னார், சொல்லிக்கொண்டே மறு சோறு போட்டுக்கொண்டார். இரண்டு பேரும் சமையலறையில் எதிரெதிராக உட்கார்ந்து இலை அரிந்தபடி முகாமின் முப்பத்திரண்டு வருடத்துக் கதைகளைப் பேசினார்கள். அலுவலகம் விட்டு வரும்போது உள்ளேயிருந்து "வந்துட்டியளா?" என்று ஒரு குரலும் "வந்துட்டீங்களா தம்பி?" என்று ஒரு குரலும் நயினாருக்குக் கேட்கும். அவர் ரொம்ப சந்தோஷமாக இருந்தார். சந்தோஷத்தில் சாவியைப் பற்றி ஒரு மாதம் நினைக்கக்கூட இல்லை.

ஒரு சனிக்கிழமை காலை கோஸ் தீர்ந்து போயிற்று. உலகம்மை வழக்கம்போல இரண்டு இலை ஒடித்தாள், அடியில் மஞ்சளாகச் சின்ன இலை ஒன்று இருந்தது, அதை எடுத்தாள், கட்டை விரல் அளவு வெள்ளைத் தண்டுதான் மிச்சம். அதற்குக் காரணம் ஒன்றும் இல்லை. ஆறு மணிக்கு வந்த போஜன் டேப்பைச் சுற்ற ஒன்றும் இல்லாமல் கையில் வைத்துக்கொண்டு நின்றார். அப்புறம் போய் மின்நிலையத்துக்குச் சொன்னார்: "கோஸ் மட்டம் பூஜ்யம்." மறுமுனையில் அதைத் திருப்பிச் சொல்லவில்லை.

துளசிமணியம்மா தன் சேலைகளை மடித்துப் பெட்டியில் அடுக்கத் தொடங்கினார். "திங்கக்கெழமை ஆபீசுக்கு வந்து சாவியக் குடுத்துர்றனுங்க தம்பி."

"எங்ககூடவே இருங்கம்மா" என்றாள் உலகம்மை. "யாரு கேக்கப் போறா?"

"நானே கேட்டுக்குவேன் அம்மிணி. எம்பேர்ல ஒரு கோசு நின்னுச்சு, அதுவரைக்கும் இது எம்பட ஊடு. அது போயிருச்சு. அடுத்தவங்க ஊட்ல மூலையில உக்கோந்து சாப்பிடறதுக்குப் பல்லடமே போதும்." சொல்லி முடிக்கும்போது குரல் கொஞ்சம் உடைந்தது. முப்பத்திரண்டு வருடத்தில் அந்தக் குரல் உடைந்து முகாமில் ஒருவரும் கேட்டதில்லை.

உலகம்மை புருஷனைக் கொல்லைப்பக்கம் இழுத்துக்கொண்டு போனாள். "அந்த ரூல நீங்கதான எழுதுனிய? அடிச்சிட்டு வேற எழுதுங்க."

"எழுதுனத அடிக்க முடியாது உலகு. எனக்கு வேண்டியவுகளுக்காவ நானே அடிச்சி எழுதுனா, நாளைக்கு எங் கையெழுத்த எவன் மதிப்பான்?"

அவள் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு உள்ளே போய்விட்டாள். மறுநாள் விடிந்ததும் முதல் பஸ்ஸில் ஞாயிற்றுக்கிழமைச் சந்தைக்குப் போனாள்.

நயினார் போகவில்லை. சாயங்காலம் பஸ் வரும்போது பிள்ளையார் கோயில் பக்கத்தில் போய் நின்றார். பஸ்ஸில் அன்றைக்கு என்றுமில்லாத கூட்டம். இறங்கியவர்கள் எல்லாருமே ஒரு பையை மார்போடு அணைத்துப் பிடித்துக்கொண்டிருந்தார்கள், பைகள் எல்லாம் உருண்டையாக இருந்தன.

"என்ன வாங்கினிய?" என்று கேன்டீன்காரரைக் கேட்டார்.

"துணி."

வெல்டர் கம்பளி என்றார். பஜனைக்காரர் சாமி படம் என்றார். மாதா கெபிக்காரர் கேட்பதற்கு முன்னாலேயே, "எங்களுதும் துணிதான் சார்" என்றார். லாசரின் ஜீப் பின்னாலேயே வந்தது, அவர் மடியில் தொப்பியைக் கவிழ்த்து வைத்திருந்தார், தொப்பி ரொம்ப உயரமாக நின்றது. உலகம்மை கடைசியாக இறங்கிப் புருஷனைப் பார்க்காமலே நடந்தாள். ஏழு மாதமாகக் கோஸ் வாங்காத முகாம் அது. நயினாருக்கு எல்லாம் புரிந்தது. நாளைக்கு ஆய்வு செய்து எழுத வேண்டியவர் அவர்தான்.

திங்கட்கிழமை காலை முழுவதும் துளசிமணியம்மா வீட்டைக் கழுவித் துடைத்தார். மூன்று மணிக்கு மலைப்பனி நன்றாக இறங்கி, நீட்டின கை தெரியாத நேரத்தில், அலுவலகத்துக்கு வந்து சாவியை மேசைமேல் வைத்தார்.

நயினார் சாவியைத் தொடவில்லை. "தோட்டத்தப் பாக்காம வாங்கக்கூடாதும்மா" என்றார். "ஒரு டீ குடிச்சிட்டுப் போவம்." டீயைக் குடித்து, இன்னொரு டீயும் வாங்கிக் கொடுத்து, பதிவேட்டை எடுத்துக்கொண்டு அவர் கிளம்பினார். பனிக்குள் எதிரே யாரோ வந்து மோதினார்கள். "சும்மா நடந்தேன் சார்" என்றது ஒரு குரல். கொஞ்ச தூரத்தில் இன்னொருவர் மோதி, அவரும் சும்மா நடந்ததாகச் சொன்னார். மூன்றாவதாக மோதியது லாசர். முழங்காலில் சேறு அப்பியிருந்தது. "ஆய்வா? நானும் வருகிறேன்" என்று திரும்பி அவர்களோடு நடந்தார்.

கதவோரப் பாத்தியில் கோஸ்கள் இருந்தன. சின்னது, பெரிசு, ஊதா நிறத்தில் ஒன்று, நியூஸ் பேப்பரை இன்னும் பிரிக்காத ஒன்று. வரிசையும் கிடையாது, இடைவெளியும் கிடையாது. பாத்தி போதாமல் துளசிச் செடியைச் சுற்றியும் வைத்திருந்தார்கள். அவசரத்தில் ஒருவர் தலைகீழாக நட்டுவிட்டுப் போயிருந்தார், தண்டு வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தது. உலகம்மை சமையலறை வாசலில் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள். சுற்றிலும் பனிக்குள் ஒருவரையும் தெரியவில்லை, ஆனால் ஒரு நூறு பேர் மூச்சை அடக்கிக்கொண்டு நிற்பது தெரிந்தது, நடுவே ஏழு மாதப் பழக்கத்தின் ஒரு சத்தமும் கேட்டது. யாரும் அந்தத் திசைக்குத் திரும்பவில்லை.

துளசிமணியம்மா இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டார்.

நயினார் வாய்விட்டு எண்ணினார். நாற்பத்து மூன்று கோஸ், ஒரு காலிஃப்ளவர்.

"பூக்கோசு யாரு வெச்சது?" என்று லாசர் அதட்டினார்.

"சந்தையில தீந்துபோச்சுங்க ஐயா" என்றார் பனிக்குள்ளிருந்து போஜன்.

நயினார் பதிவேட்டைத் திறந்து, பேனா மூடியைக் கழற்றி, எழுதாமல் நின்றார். இதில் ஒரு கோஸ்கூட இங்கே விளையவில்லை என்பது அவருக்குத் தெரியும். லாசருக்கும், பனிக்குள் நின்ற அத்தனை பேருக்கும் தெரியும். இருபது வயதில் வேலைக்குச் சேர்ந்ததிலிருந்து அவர் ஒரு பொய்யை எழுதியதில்லை. அந்த வீட்டுக்காக நான்கு வருடம் காத்திருந்தவரும் அவர்தான், ஒரு கையெழுத்துப் போட்டால் இப்போதே அது அவருடையது. பேனாவைத் திரும்ப மூடிச் சட்டைப்பையில் செருகிக்கொண்டார். பதிவேட்டை லாசரிடம் கொடுத்துவிட்டு, வேட்டியை மடித்துக் கட்டிப் பாத்திக்குள் இறங்கி, தலைகீழாக இருந்த கோஸைப் பிடுங்கி நேராக வைத்து, சுற்றிலும் மண்ணைக் குவித்துக் கையால் நன்றாக அழுத்தினார். எழுந்து, சேற்றுக் கையோடேயே பதிவேட்டை வாங்கி எழுதினார்: 'பயிர் நிற்கிறது. அறுவடை முடியவில்லை. சாவி திருப்பித் தரப்பட்டது.' லாசர் அதன் கீழே வாசித்துப் பார்க்காமலே கையெழுத்துப் போட்டார்.

நயினார் சாவியை நீட்டினார். துளசிமணியம்மா வாங்கவில்லை. அழுதுகொண்டிருந்தார், அதை மறைக்கவும் இல்லை.

"வேரில்லாத கோசு எத்தன நாளைக்குங்க தம்பி நிக்கும்?"

"ஞாயித்துக்கிழம வரைக்கும் நின்னாப் போதும்மா" என்றார் நயினார். "அதுக்கு மேல சந்தை இருக்கு."

துளசிமணியம்மா சாவியை வாங்கி இடுப்பில் செருகிக்கொண்டார். முந்தானையில் முகத்தைத் துடைத்தார். பிறகு எக்ஸ்சேஞ்சில் இருந்த காலத்துக் குரலில், மூலை முடுக்கெல்லாம் போய்ச் சேருகிற அந்தக் குரலில், பனியைப் பார்த்துச் சொன்னார்: "அங்க நின்னு எத்தன நேரம் குளுருல நடுங்குவீங்க? அத்தன பேரும் உள்ள வாங்க. நாப்பத்து மூணும் வாடிப் போறதுக்குள்ள ஆளுக்கு நாலு எலை ஒடிங்க. அம்மிணி, பெரிய சட்டியா எடுத்து வை."

பனிக்குள்ளிருந்து அறுபத்திரண்டு குடும்பங்களும் ஒன்றாகப் பெருமூச்சு விட்டது கேட்டது. ஏழு மாதம் கோஸ் தின்று அலுத்த பெருமூச்சு அது. ஆனாலும் ஒருவரும் தன் வீட்டுக்குப் போகவில்லை.